அனுமதியின் பேரில் அல்ல

கேட்டில் தண்ணீர் பாட்டிலை மோந்து பார்த்தார்களா? எல்லோருக்கும் அப்படித்தான். கோபித்துக்கொள்ளக் கூடாது. மண்ணெண்ணெய் கொண்டுவந்து மேலே ஊற்றிக்கொள்கிறார்கள், அதனால் பார்க்கிறார்கள். எனக்கு ஆறு வருஷமாகப் பார்க்கிறார்கள். அந்தப் பெண் போலீசுக்கு என்னை நன்றாகத் தெரியும். "இன்னுமா பெரியவரே?" என்று கேட்டுக்கொண்டேதான் மோந்து பார்ப்பாள். தெரிந்த முகம் என்று விட்டுவிடக் கூடாது இல்லையா. அது சரியான முறைதான்.

உட்காருங்கள் தம்பி. அந்த நாற்காலி வேண்டாம், பின்கால் விரிசல் விட்டிருக்கிறது. இதில் உட்காருங்கள். டோக்கன் என்ன? நூற்று நாற்பத்தேழா. எனக்கு நூற்றுப் பதினெட்டு. இப்போது தொண்ணூற்று நாலு ஓடுகிறது. ஒரு மனுவுக்கு ஒன்றேகால் நிமிஷம். மணி பதினொன்று நாற்பது. எனக்குப் பன்னிரண்டு பத்துக்கு வரும், உங்களுக்கு ஒரு மணிக்குப் பதினைந்து நிமிஷம் இருக்கும்போது வரும். கவலைப்படாதீர்கள், கலெக்டர் ஒரு மணிக்குத்தான் எழுந்திருப்பார்.

நான் பஸ் ஸ்டாண்டில் டைம் கீப்பராக இருந்தேன். முப்பத்தொரு வருஷம். தகரக் கூண்டு, ஒரு நோட்டு, ஒரு விசில். எந்த வண்டி எத்தனை மணிக்கு வந்தது, எத்தனை மணிக்குக் கிளம்பியது. அதுதான் வேலை. அதனால் வாயில் நேரம் வந்துவிடும்.

பாதை விஷயம்தானே? பையிலிருந்து புல வரைபடம் எட்டிப் பார்க்கிறதே, அதை வைத்துச் சொன்னேன். யார் அடைத்தது, பங்காளியா? பக்கத்து வீட்டுக்காரர். சரி. எனக்கும் பக்கத்து வீடுதான்.

மனுவைக் காட்டுங்கள். வெளியே மரத்தடியில் உட்கார்ந்திருக்கும் கண்ணாடிக்காரர் எழுதியதுதானே இது? கையெழுத்து அழகாக இருக்கும், விஷயம் தப்பாக இருக்கும். "என்னுடைய பாதையை" என்று போட்டிருக்கிறார் பாருங்கள். உங்களுடைய பாதை என்றால் கலெக்டருக்கு என்ன வேலை? சிவில் கோர்ட்டுக்குப் போகவும் என்று எழுதித் திருப்பிவிடுவார்கள். "பொதுப் பாதையை" என்று இருக்க வேண்டும். சர்வே நம்பர் போட்டு, ஊர் நிலக் கணக்கான அ-பதிவேட்டில் அது பாதைப் புறம்போக்கு என்று இருப்பதைக் குறிப்பிட்டு, "பொதுமக்களாகிய நாங்கள்" என்று தொடங்க வேண்டும். நாங்கள் என்றால் எத்தனை பேர் என்று யாரும் எண்ணுவதில்லை. ஒருத்தர் இருந்தாலும் நாங்கள்தான். நானும் ஆறு வருஷமாக நாங்கள்தான்.

இந்தாருங்கள் பேனா. அடித்துவிட்டு மேலேயே எழுதுங்கள். நான் சொல்கிறேன்.

என்னுடையது மேலக்கரைப்பட்டி. ரோட்டை விட்டு உள்ளே தள்ளி நாலு வீடு, அதில் கடைசி வீடு எங்களுடையது. ரோட்டுக்கும் எங்களுக்கும் நடுவில் மருதை வீடு. அவர் வீட்டுச் சுவரை ஒட்டித்தான் பாதை. அகலம் இரண்டு மீட்டர் நாற்பது. நீளம் என் காலடியில் தொண்ணூற்றாறு. இரண்டு நிமிஷம்கூட ஆகாது. மருதைக்கு வாழையிலை வியாபாரம். ஆடும் வைத்திருந்தார். அந்த வருஷம் வைகாசியில் ஒரே வாரத்தில் நாலு ஆட்டை யாரோ பிடித்துக்கொண்டு போய்விட்டார்கள். உடனே ரோட்டுப் பக்கம் ஒரு இரும்புக் கேட் போட்டார். பாதையில் பாதியை மறித்து ஆட்டுக் கொட்டகையும் போட்டார். போட்ட அன்றைக்கே எங்கள் வீட்டுக்கு வந்தார்.

"அண்ணே, பூட்டு களவாணிப் பயலுக்குத்தான். உங்களுக்கு இல்ல. இந்தாங்க, உங்க வீட்டுக்கு ஒரு சாவி" என்றார்.

நான் வாங்கிக்கொண்டேன். அன்றைக்கு எனக்கு எதுவும் தெரியாது. ஐந்து நாள் அந்தச் சாவி எங்கள் வீட்டு ஆணியில் தொங்கியது.

ஆறாவது நாள் டவுனில் வக்கீல் இருதயராஜைப் பார்த்தேன். நல்ல மனிதர். அவர்தான் கேட்டார். "சாவி எதுவும் குடுத்தானா?" கொடுத்தார் என்றேன். "வாங்கிட்டீங்களா?" வாங்கினேன் என்றேன். அவர் நெற்றியில் கையை வைத்துக்கொண்டார். "ஐயா, வழிநடைப் பாத்தியதைங்கறது கேக்காம நடக்கறது. இருபது வருஷம், யாரையும் கேக்காம, ஒளிவுமறைவு இல்லாம, நடந்திருக்கணும். கேட்டு நடந்தா அதுக்குப் பேரு அனுமதி. அனுமதின்னா இன்னிக்குக் குடுப்பான், நாளைக்கு மாட்டேம்பான். ஒரே ஒரு தடவை அவன் கதவைத் திறந்துவிட்டு நீங்க உள்ள போனீங்கன்னா போதும். குறுக்கு விசாரணையில அதை வச்சே கேசை முடிச்சிருவான்."

எனக்கு விளங்கிவிட்டது. அவர் விளக்குவது அப்படி இருக்கும்.

சாவியைப் பதிவுத் தபாலில் திருப்பி அனுப்பினேன். ஒப்புகை அட்டையோடு. லோகாம்பாள் கேட்டாள், என் சம்சாரம், "எதுக்குங்க தபாலு? இங்கிருந்து கூப்பிட்டாலே அஞ்சலைக்குக் கேக்கும்" என்று. அஞ்சலை மருதையின் வீட்டுக்காரி. கையில் கொடுத்தால் கொடுத்ததற்கு அத்தாட்சி ஏது? தபால்காரர் எங்கள் வீட்டு வாசலில் நின்றுகொண்டு சிரித்தார். "சார், இங்க ஏத்தி டவுனுக்குக் கொண்டுபோய், டவுன்லேருந்து திரும்பக் கொண்டாந்து, அந்த வீட்ல குடுக்கணும். அப்படித்தானே?" அப்படித்தான் என்றேன். அஞ்சலையின் கையெழுத்தோடு அட்டை வந்தது. இதோ, இந்த ஃபைலில் இருக்கிறது. பார்க்கிறீர்களா? வேண்டாமா, சரி.

மற்ற மூன்று வீட்டில் ஒரு வீடு பூட்டிக் கிடந்தது, திருப்பூர் போய்விட்டார்கள். மற்ற இரண்டு வீடும் சாவியை வாங்கிக்கொண்டு பேசாமல் இருந்துவிட்டன. முதல் மனுவில் கையெழுத்துப் போட்டவர்கள்தான். கேட்டால், "நமக்குப் போறதுக்கு வழி இருக்குல்ல, அப்புறம் என்ன" என்றார்கள். போவது வேறு, பாத்தியதை வேறு என்பது அவர்களுக்குத் தெரியவில்லை.

எங்கள் வீட்டில் யாரும் அந்தக் கேட் வழியாகப் போகக் கூடாது என்று சொல்லிவிட்டேன். யாரும் என்றால் நானும் லோகாம்பாளும்தான். பையன் திருமாறன் ஓசூரில் கம்பெனியில் இருக்கிறான். பின்பக்கம் வாய்க்கால் கரை இருக்கிறது. கரையோடு போய், பம்ப்செட் தாண்டி, கல்பாலத்தில் ஏறி இறங்கினால் ரைஸ் மில் பக்கம் ரோடு வந்துவிடும். எனக்குப் பதிமூன்று நிமிஷம்.

"எத்தனை நாளைக்கு?" என்று கேட்டாள்.

"இடைக்காலத் தடை வர்ற வரைக்கும்."

"அது எப்ப வரும்?"

"அடுத்த வாய்தாவுல."

அதற்கப்புறம் அவள் கேட்கவில்லை. கேட்காததால் அவளுக்கும் விளங்கிவிட்டது என்று எடுத்துக்கொண்டேன்.

நீங்கள் முன்சீப் கோர்ட்டுக்குப் போனால் இதெல்லாம் நினைவில் இருக்க வேண்டும். வழக்குப் போடுவது பெரிய விஷயமில்லை. நிரூபிக்க வேண்டும். பாதை அடைபட்டதால் சிரமம் என்று வெறும் வாயால் சொன்னால் நீதிபதி எழுதிக்கொள்ள மாட்டார். வக்கீல் சொன்னார், "நீங்க டைம் கீப்பர்தானே, நேரத்தைக் குறிங்களேன்." அது எனக்குத் தோன்றவே இல்லை பாருங்கள்.

லோகாம்பாள் ரோட்டில் இருக்கும் தையல் கடைக்கு ஜாக்கெட்டுக்கு ஹூக் தைத்துக் கொடுப்பாள். தினமும் மூன்று மணிக்குத் தைத்ததைக் கொண்டுபோய்க் கொடுத்துவிட்டுப் புதிதாக வாங்கிக்கொண்டு வருவாள். அந்த நடையைக் குறித்தேன். நான் இருபது அடி பின்னால் வருவேன். கிளம்பிய நேரம், ரோட்டைத் தொட்ட நேரம், நடுவில் நின்ற இடங்கள். முதல் நாள் அவள் திரும்பிப் பார்த்து, "விசில் அடிக்க வேண்டியதுதானே, வண்டி எடுக்கறேன்" என்றாள். நான் சிரித்தேன் என்றுதான் நினைக்கிறேன்.

ஆனி மாதம் பதினேழு நிமிஷம். நின்ற இடம், இல்லை. ஆவணியில் இருபது. நின்ற இடம் ஒன்று, புங்க மரம். ஐப்பசியில் கரை சகதி, இருபத்து மூன்று. நின்ற இடம் இரண்டு, புங்க மரம், பம்ப்செட். தை மாதம் சகதி காய்ந்துவிட்டது, ஆனால் இருபத்தாறு. நின்ற இடம் மூன்று. பம்ப்செட் மேடையில் உட்கார்ந்து நெஞ்சில் கையை வைத்துக்கொள்வாள். "முட்டி" என்பாள். நெஞ்சில் கையை வைத்துக்கொண்டு முட்டி என்றால், நான் முட்டி என்றுதான் எழுதினேன். சொன்னதைத்தான் எழுத வேண்டும். பங்குனியில் இருபத்தெட்டு.

ஆமாம், ஜாக்கெட்டை நான் கொண்டுபோய்க் கொடுத்திருக்கலாம். நானும் அதை வக்கீலிடம் கேட்டேன். "நடக்கற ஆள் மாறினா பதிவு கெட்டுப்போகும். ஒரே ஆள், ஒரே வழி, ஒரே நேரம். அப்பத்தான் ஆதாரம்" என்றார். ஒன்பது மாதத்தில் பதினோரு நிமிஷம் கூடியிருந்தது. அவருக்கு ரொம்பத் திருப்தி. "இந்த மாதிரி ஒரு கட்சிக்காரர் எனக்குக் கிடைச்சதே இல்ல" என்று ஜூனியரிடம் சொன்னார்.

எழுதுங்கள், நிறுத்தாதீர்கள். "மேற்படி பாதையைப் பொதுமக்கள் நெடுங்காலமாக, யாருடைய அனுமதியின் பேரிலும் அல்லாமல், பயன்படுத்தி வந்தோம்." 'அல்லாமல்' என்பதற்குக் கீழே ஒரு கோடு போடுங்கள்.

பங்குனி ஏழாம் தேதி, காலை ஆறு ஐம்பத்திரண்டு. அடுப்படியில் உட்கார்ந்துவிட்டாள். வேர்த்துக் கொட்டியது. நூற்றெட்டுக்குப் போன் செய்தேன். எங்கே வர வேண்டும் என்று கேட்டார்கள். ரைஸ் மில் பக்கம் வாருங்கள், அங்கிருந்து வாய்க்கால் கரை என்று சொன்னேன். எங்கள் வீட்டுக்கு வழி அதுதானே. பிராதில் அப்படித்தான் போட்டிருந்தோம். ஏழு பதினாலுக்கு வண்டி மில்லுக்கு வந்துவிட்டது. இரண்டு பேர் ஸ்ட்ரெச்சரைத் தூக்கிக்கொண்டு கரையோடு வந்தார்கள், அவளை ஏற்றிக்கொண்டு கரையோடு திரும்பினார்கள்.

மருதை கேட்டைத் திறந்து வைத்துக்கொண்டு கத்தினார். "அண்ணே! இந்தப் பக்கம்! இந்தப் பக்கம் கொண்டாங்கண்ணே!"

ஸ்ட்ரெச்சரைப் பிடித்திருந்த ஒருவர் என்னைப் பார்த்தார். "வண்டி அந்தப் பக்கம் நிக்குது" என்றேன். அது உண்மைதான். வண்டி அந்தப் பக்கம்தான் நின்றது.

லோகாம்பாள் கண்ணைத் திறந்துதான் இருந்தாள். புங்க மரத்துக்கிட்டே வரும்போது, "குறிச்சிக்கிட்டீங்களா?" என்றாள். அவ்வளவுதான் பேசினாள். கல்பாலத்தில் ஸ்ட்ரெச்சர் திரும்பவில்லை, சாய்த்துத் திருப்பினார்கள். போகும்போது மட்டும் இருபத்திரண்டு நிமிஷம்.

ஆஸ்பத்திரியில் டாக்டர், சின்ன வயதுக்காரர், எத்தனை நாளாக மூச்சு வாங்குகிறது என்று கேட்டார். நான் நோட்டைக் கொடுத்தேன். தேதி வாரியாக இருக்கிறதே. அவர் புரட்டிப் புரட்டிப் பார்த்தார். முதலிலிருந்து கடைசி வரைக்கும் பார்த்தார். "இது என்ன?" என்றார்.

"ஆதாரம்" என்றேன்.

அவர் நோட்டை மூடி என்னிடம் கொடுத்துவிட்டார்.

மூன்றாம் நாள் காலையில் முடிந்துவிட்டது. நான் டாக்டரிடம் கேட்டேன், அந்த இருபத்திரண்டு நிமிஷம் இரண்டு நிமிஷமாக இருந்திருந்தால் என்று. இரண்டு தடவை கேட்டேன். முதல் தடவை, "சொல்ல முடியாது" என்றார். இரண்டாம் தடவை, "வித்தியாசம் ஒண்ணும் இருந்திருக்காது. வீட்டுக்குப் போங்க பெரியவரே" என்றார். இரண்டாவதைத்தான் எடுத்துக்கொள்ள வேண்டும். கடைசியாகச் சொன்னதுதான் செல்லும்.

வண்டியில் கொண்டுவந்தோம். திருமாறன் ஓசூரிலிருந்து வந்துவிட்டான், அவன்தான் டிரைவர் பக்கத்தில் உட்கார்ந்திருந்தான். நான் மில் பக்கம் நிறுத்தச் சொல்லியிருந்தேன். அவன் மருதை வீட்டு முன்னால் நிறுத்தச் சொல்லிவிட்டான். இறங்கிப் பார்த்தால் கேட்டே இல்லை. மருதை கீலிலிருந்து கழற்றிச் சுவரில் சாய்த்து வைத்திருந்தார். ஆடு ஒன்றும் இல்லை. கொட்டகைத் தடுப்பையும் பிரித்துவிட்டிருந்தார். பாதையில் தண்ணீர் தெளித்திருந்தது. மருதையும் இல்லை, அஞ்சலையும் இல்லை, வீட்டுக் கதவைச் சாத்திக்கொண்டு உள்ளே இருந்தார்கள்.

"அப்பா, கேட் இல்ல, ஆள் இல்ல. இப்ப யாருப்பா அனுமதி குடுக்கறது?" என்றான் திருமாறன்.

அவன் கேட்டது நியாயமான கேள்வி. ஆனால் சாய்த்து வைத்த கேட் மறுநாள் திரும்ப மாட்டப்படும். அப்படியென்றால் இன்றைக்குக் கழற்றியது என்ன? நானாக முடிவு சொல்ல முடியாது. வக்கீலுக்குப் போன் செய்தேன். சுவிட்ச் ஆஃப். பதினொரு மணி, கோர்ட்டில் இருப்பார். பத்து நிமிஷம் பொறுங்கள், திரும்பப் போட்டுப் பார்க்கிறேன் என்றேன். அவளை வெயிலில் வைத்துக்கொண்டு நின்றார்கள். பெரியப்பா மகன் ஒருத்தர் இருக்கிறார், வாய் கொஞ்சம் அதிகம். "ஏன்யா, செத்தவளுக்குமா வாய்தா?" என்றார். திருமாறன் என்னைப் பார்க்கவில்லை. "தூக்குங்க" என்றான். தூக்கிக்கொண்டு உள்ளே போய்விட்டார்கள்.

நான் கரையோடு வந்தேன். தனியாகத்தான். பதிமூன்று நிமிஷம்.

நான் வந்து சேர்ந்தபோது அவளைக் கிடத்தி, தலைமாட்டில் விளக்கு ஏற்றியாகிவிட்டது. அஞ்சலை அவள் தலையைத் தூக்கி முடியைக் கோதிக்கொண்டிருந்தாள். என்னைப் பார்த்ததும் எழுந்து போய்விட்டாள். அன்று சாயந்திரம் எடுத்துக்கொண்டு போகும்போதும் அப்படித்தான். நான் பதினைந்து நிமிஷம் முன்னாலேயே கிளம்பிவிட்டேன். ரோட்டில் அவர்களோடு சேர்ந்துகொண்டேன். தாமதமாகவில்லை.

தண்ணீர் குடிக்கிறீர்களா? இல்லை, எனக்கு ஒன்றுமில்லை. எத்தனை ஓடுகிறது? நூற்றைந்து. கொஞ்சம் வேகமாகத்தான் போகிறது.

விஷயத்துக்கு வருகிறேன். முன்சீப் கோர்ட் கேஸ் என்ன ஆயிற்று என்று கேட்கிறீர்கள். வாபஸ் வாங்கிவிட்டோம். அடுத்த வருஷம் தகவல் உரிமைச் சட்டத்தில் அ-பதிவேட்டு நகல் வந்தது. அதில் தெளிவாக இருந்தது, பாதைப் புறம்போக்கு. தனியார் இடமே இல்லை, முழுக்க அரசாங்கப் பாதை. இருதயராஜ் துள்ளிக் குதித்தார். "நாம இவ்வளவு நாள் தப்பான கோர்ட்ல நின்னுட்டோம். பாத்தியதை கீத்தியதை எதுவும் வேண்டாம். மதுரையில ரிட் போடுவோம்." அங்கேதான் நான் அவரைக் கேட்டேன், அப்படியென்றால் அனுமதி விஷயம் என்ன ஆகும் என்று.

"சர்க்கார் பாதையில அனுமதி குடுக்க அவன் யாரு? அவன் குடுத்தாலும் செல்லாது, நீங்க வாங்கினாலும் செல்லாது. அந்தக் கேள்வியே வராது" என்றார்.

"அப்போ அந்தச் சாவி?" என்றேன்.

"எந்தச் சாவி?" என்றார்.

அவரைக் குறை சொல்ல முடியாது. எத்தனை கட்சிக்காரர்கள் வருகிறார்கள், எல்லாம் நினைவில் இருக்குமா. நல்ல மனிதர். அதனால்தான் உங்களுக்குச் சொல்கிறேன், முதலில் அ-பதிவேட்டைப் பாருங்கள். எல்லாவற்றுக்கும் முதலில். அதற்கு ஒரு மனு போதும், பதினைந்து நாளில் வந்துவிடும்.

ஹைகோர்ட்டில் ஆக்கிரமிப்பை அகற்று என்று நேராகச் சொல்ல மாட்டார்கள். மனுவைப் பன்னிரண்டு வாரத்துக்குள் பரிசீலித்து முடிவெடுக்கவும் என்பார்கள். பன்னிரண்டு வாரம் முடிந்ததும் ஒன்றும் நடக்காது. அப்புறம் கோர்ட் அவமதிப்பு போட வேண்டும். அதைப் போட்டால்தான் அசைவார்கள். முதலில் ஆக்கிரமிப்புச் சட்டம் ஏழாம் பிரிவில் ஒரு நோட்டீஸ், ஏன் அகற்றக் கூடாது என்று. அப்புறம் ஆறாம் பிரிவில் ஒரு நோட்டீஸ், அகற்று என்று. ஏழு முதலில் வரும், ஆறு பின்னால் வரும். ஏன் என்று கேட்காதீர்கள். மேல்முறையீடு, தடை, தேர்தல், சர்வேயர் லீவு. இப்படியே போய், சென்ற ஆடி மாதம்தான் ஜேசிபி வந்தது.

ஒரு மணி நேர வேலைகூட இல்லை. கேட், கொட்டகை, ஒரு துண்டுச் சுவர். மருதை தடுக்கவில்லை. ஆட்டையெல்லாம் ஏற்கெனவே விற்றுவிட்டார், ஒரே ஒரு குட்டி மட்டும் வைத்திருந்தார். அளந்து இரண்டு பக்கமும் கல் நட்டார்கள். இரண்டு மீட்டர் நாற்பது. சரியாக இருந்தது.

எல்லாம் முடிந்ததும் வருவாய் ஆய்வாளர் போனை எடுத்துக்கொண்டு வந்தார். கோர்ட்டுக்கு அறிக்கை அனுப்ப வேண்டும், பொதுமக்கள் பாதையில் நடப்பது மாதிரி ஒரு படம், இடமும் நேரமும் அதிலேயே பதிவாகிவிடும். "பெரியவரே, உங்க பாதைதான். நடந்து வாங்க, எடுத்துக்கறேன்" என்றார்.

நான் எங்கள் வீட்டுப் பக்கம் நின்றுகொண்டிருந்தேன். தொண்ணூற்றாறு காலடி. நேராக ரோடு தெரிந்தது. பஸ் ஒன்று போனது.

"நடங்க பெரியவரே."

பழக்கம் விட்டுப்போயிருந்தது. ஐந்து வருஷத்துக்கு மேலாக நான் அந்தப் பக்கம் கால் வைத்ததில்லை. காலை எடுத்து வைக்க வேண்டியதுதான், வைக்கவில்லை. அவர் மூன்று தடவை சொன்னார். அவருக்கும் வேறு வேலை இருக்கும். "வெயில் ஏறுது சார். நான் நடக்கறேன், எடுத்துக்கங்க" என்று மருதை சொன்னார். ரோட்டுப் பக்கமிருந்து நடந்து வந்தார். அந்தக் குட்டியும் பின்னாலேயே வந்தது. அதைத்தான் எடுத்தார்கள். "மேற்படி பாதை பொதுமக்களின் பயன்பாட்டிற்குத் திறந்துவிடப்பட்டது" என்று கீழே எழுதிக் கோர்ட்டுக்கு அனுப்பிவிட்டார்கள்.

இதோ நகல். லுங்கி, துண்டு, ஆட்டுக்குட்டி. பார்த்தீர்களா? ஆக்கிரமிப்பாளர் எப்படிப் பொதுமக்கள் ஆவார்? அதற்குத்தான் இன்றைக்கு வந்திருக்கிறேன். படத்தை மாற்ற வேண்டும் என்று இது நாலாவது மனு. மூன்றாவது மனுவுக்குப் பதில் வந்தது. "படத்தில் காணப்படுபவரும் பொதுமக்களில் ஒருவரே எனத் தெரிவித்துக்கொள்ளப்படுகிறது." சிரிக்கிறீர்கள். சிரிக்கலாம். திருமாறனும் போனில் சிரித்தான், அப்புறம் போனை வைத்துவிட்டான்.

இல்லை, இன்னும் அதில் நடக்கவில்லை. கரையோடுதான் போய்வருகிறேன். படம் மாறட்டும்.

கல் நட்டு ஒரு வாரம் இருக்கும், அஞ்சலை வந்தாள். பாதை வழியாகத்தான் வந்தாள். எங்கள் வாசலில் நின்றாள், உட்காரவில்லை. "அண்ணே, இதைச் சொல்லக் கூடாதுன்னுதான் இருந்தேன்" என்றாள். "நீங்க வாய்தாவுக்குப் போற அன்னிக்கெல்லாம் அக்கா எங்க பக்கமாத்தான் வரும். நான் திறந்துவிடுவேன். கடைக்குப் போயிட்டு வந்து, எங்க துவைக்கிற கல்லுல உக்காந்து, பேசிக்கிட்டே ஹூக் தைக்கும். அப்பெல்லாம் மூச்சு வாங்கினதில்லண்ணே. நாலு மணி ஆனதும் எந்திரிச்சிடும். உங்க பஸ் நாலு இருபதுக்கு மில்லுல நிக்கும், அஞ்சு நிமிஷம் முன்னப்பின்ன ஆகாது, அவரு சொன்னா சொன்னதுதான்னு சொல்லும்."

அவள் போனபிறகு நோட்டை எடுத்துப் பார்த்தேன். நான் ஊரில் இல்லாத நாளில் நேரம் குறிப்பதில்லை, பார்க்காததை எழுதக் கூடாது. அந்த வரியெல்லாம் காலியாக இருந்தன. எண்ணினேன். வாய்தா பதினாலு, காலி பதினாலு. சரியாக இருந்தது.

பதினாலு நாள் அவள் அனுமதியின் பேரில் நடந்திருக்கிறாள். குறுக்கு விசாரணையில் அஞ்சலையைக் கூண்டில் ஏற்றியிருந்தால் கேஸ் போயிருக்கும். அவர்கள் ஏற்றவில்லை.

எழுதிவிட்டீர்களா? கொடுங்கள். நன்றாக இருக்கிறது. கீழே தேதி, இடம். இணைப்பு: புல வரைபட நகல். ஒன்று கேட்க மறந்துவிட்டேன். உங்கள் ஆள் சுவர் எழுப்பியிருக்கிறாரா, கதவு வைத்திருக்கிறாரா? கதவு. கேட்டால் திறக்கிறாரா? திறக்கிறார். நீங்கள் போவதில்லை. சரிதான். வீட்டில்? போகக் கூடாது என்று சொல்லி வைத்திருக்கிறீர்கள். சரி.

சுற்று வழி எவ்வளவு தூரம்? குறித்து வைக்கவில்லையா. வேண்டாம். குறிக்க வேண்டாம்.

அதோ கூப்பிடுகிறார்கள், நூற்றுப் பதினெட்டு. பன்னிரண்டு ஒன்பது. ஒரு நிமிஷம் முன்னால் வந்துவிட்டது. வருகிறேன் தம்பி, அந்த ஃபைலை எடுங்கள். எத்தனை மணிக்குத் திரும்புவதாக வீட்டில் சொல்லிவிட்டு வந்தீர்கள்? மூன்று மணிக்கா. உங்களுக்கு இங்கே ஒரு மணிக்குள் முடிந்துவிடும். ஒன்று பத்துக்கு உங்கள் ஊர் வழியாக ஒரு வண்டி இருக்கிறது, காலியாகவே போகும், ஏறு ஏறு என்று கூப்பிடுவான். அதில் ஏறாதீர்கள். இரண்டு பத்துக்கு அடுத்த வண்டி. அதில் போங்கள். மூன்று மணி என்று சொல்லியிருந்தால் மூன்று மணிக்கே போங்கள், முன்னால் போகாதீர்கள்.